வங்கிக் கடன் வழக்கில் சமரசம்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 89-ஆம் பிரிவின்படி சமரச மையத்துக்கு வரும் வங்கிக் கடன் வழக்குகளில், புதிய வழக்கறிஞர்கள் செய்யும் தவறுகள் பெரும்பாலும் எங்கள் தலைமுறை செய்தவையே. ஆவணமின்றி வருவது, வாய்தாவைத் தவறவிடுவது ஆகியவற்றை எவரும் சொல்லித்தரத் தேவையில்லை.

சமரசம் நடக்கையில் ஏலம் நடக்காது என்று நம்புவது

இன்றும் எனக்கு எரிச்சலூட்டுவது இதுதான். வழக்கைச் சமரசத்துக்கு அனுப்பும் உத்தரவு, நீதிமன்றம் போகாமலே அடமானச் சொத்தைக் கைப்பற்றி விற்க வங்கிக்கு அதிகாரம் தரும் 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டத்தின் கீழ் வங்கி எடுக்கும் நடவடிக்கையைத் தானாக நிறுத்திவிடாது. அதே உரிமையியல் நீதிமன்றத்தில் தடை கேட்கலாமே என்றால், அச்சட்டத்தின் 34-ஆம் பிரிவு அந்த வழியை அடைத்திருக்கிறது. 17-ஆம் பிரிவின் கீழ், வங்கி நடவடிக்கை எடுத்த நாளிலிருந்து 45 நாட்களுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனுச் செய்து தடை பெற வேண்டும். அல்லது, பேச்சு முடியும்வரை ஏலம் விடமாட்டோம் என்று வங்கியிடமிருந்து முதல் அமர்விலேயே எழுதி வாங்க வேண்டும்.

எல்லாம் கைமீறிய பிறகு என்னிடம் வந்த ஒரு வணிகரின் வழக்குக் கட்டில், நாளிதழில் வந்த ஏல அறிவிப்பு மடித்து வைக்கப்பட்டிருந்தது. அதன் ஓரத்தில் அவருடைய முந்தைய வழக்கறிஞர் அடுத்த சமரச அமர்வின் தேதியைப் பென்சிலால் குறித்திருந்தார். வட்டித் தள்ளுபடிக்கு வங்கி இசையும் போலிருந்ததால், இருவரும் அந்த அறிவிப்பை வெறும் மிரட்டல் என்றே எடுத்துக்கொண்டிருக்கிறார்கள். 2016-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின், ஏல அறிவிப்பு வெளியாகும் முன்பே நிலுவை முழுவதையும் செலவுகளோடு செலுத்த முன்வந்தால்தான் 13(8)-ஆம் பிரிவின்படி சொத்தை மீட்கலாம். 2023-இல் உச்ச நீதிமன்றமும் இதை உறுதி செய்தது. உறவினர்களிடம் புரட்டிய பணத்தோடு அவர் வங்கிக்குப் போனபோது அந்த உரிமை இல்லை; 45 நாள் கெடுவும் கடந்திருந்தது.

அதிகாரமில்லாத அலுவலரோடு பேரம் பேசுவது

கிளை மேலாளர் எல்லாவற்றுக்கும் தலையாட்டுவார். தள்ளுபடியை முடிவு செய்பவர் மேலலுவலகத்தில் இருப்பார். ஒருமுறைத் தீர்வை, அதாவது குறைத்த தொகையைக் கட்டிக் கடனை முடித்துக்கொள்வதை, கடனாளி உரிமையாகக் கோர முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2021-இல் தெளிவுபடுத்திவிட்டதால், எழுத்திலான ஒப்புதல் வரும்வரை அந்தத் தலையாட்டலுக்கு மதிப்பில்லை.

ஜாமீன்தாரரை மறப்பது

சமரச ஒப்பந்தத்தில் அவரும் கையெழுத்திட வேண்டும்.

சமரச அறையில் பேசியதை மனுவில் எழுதுவது

கூடவே கூடாது.

தவணை தவறினால் என்ன என்பதை எழுதாமல் விடுவது

ஒரு தவணை தவறியதும் தள்ளுபடி முழுவதும் ரத்தாகுமா, அவகாசம் எத்தனை நாள், அதற்கு வட்டி உண்டா என்பவை ஒப்பந்தத்தில் இல்லையென்றால், தீர்ந்த வழக்கு, ஒப்பந்தத்தை அமல்படுத்தக் கோரும் நிறைவேற்று மனுவாகத் திரும்பி வரும். அசல் பத்திரங்களை வங்கி எந்தத் தேதிக்குள் திருப்பித் தரும், அடமானத்தை ரத்து செய்ய யார் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வருவார் என்பதையும் அதே தாளில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள்.