இரண்டாவது கியர் நழுவாமல் நிற்க: வேனின் கியர் கேபிளை வீட்டிலேயே சரிசெய்வது

மலையில் இறங்கும் வண்டிக்குப் பாதி பிரேக் கியர்தான். ஊட்டியிலிருந்து கல்லட்டி வழியாக மசினகுடிக்கு இறங்கும் 36 கொண்டை ஊசி வளைவுகளை மூன்றாவது கியரில் இறங்கிப் பார்க்கிறேன் என்று எவனாவது சொன்னால், அவன் வண்டியில் நான் ஏறமாட்டேன். பிரேக்கை மட்டும் நம்பி இறங்கினால் டிரம் சூடேறும்; பெடலை மிதித்தாலும் பிடிப்பு இருக்காது. அதனால் நம் ஊர் ஓட்டுநர்களுக்கு இரண்டாவது கியர் விழுவதும், விழுந்த இடத்தில் நிற்பதும் சில்லறை விஷயமல்ல.

நான் கேத்தி பாலாடாவில் இருக்கிறேன். இங்கே தோட்டத்தில் பிடுங்கும் கேரட்டை இயந்திரத்தில் கழுவி, மூட்டை பிடித்து, இரவோடு இரவாக மேட்டுப்பாளையம் மண்டிக்கு இறக்குவோம். என்னுடையது சிறிய சரக்கு வேன். சில ஆண்டுகளுக்கு முன் ஐப்பசி மழையில், பர்லியாருக்கு மேலே ஒரு வளைவில், ஆக்சிலேட்டரிலிருந்து காலை எடுத்த நொடியில் இரண்டாவது கியர் துள்ளி வெளியே வந்துவிட்டது. முதுகில் யாரோ கைவைத்துத் தள்ளியது போல வண்டி முன்னே பாய்ந்தது. பிரேக்கையும் கைப்பிரேக்கையும் சேர்த்துப் பிடித்து, மலைப்பக்கத்து ஓடையில் சக்கரத்தை இறக்கி நிறுத்தினேன். அதற்கு இருபது நாள் முன்புதான் ஒரு பட்டறையில், கியர் சரியில்லை என்று சொன்னதற்குக் கிளட்ச் தட்டையே மாற்றி அனுப்பியிருந்தார்கள். குறை கிளட்சில் இல்லை. கேபிளை அதன் தாங்கியில் பிடித்து நிறுத்தும் சிறு கிளிப் தளர்ந்திருந்தது. முனையில் இருந்த பிளாஸ்டிக் கிண்ணமும் தேய்ந்திருந்தது. அன்றிலிருந்து இந்த வேலையை நானே என் வாசலில் செய்கிறேன்.

முதலில் கேபிள் என்ன செய்கிறது என்று தெரிய வேண்டும். பெரும்பாலான வேன்களில் கியர் ராடிலிருந்து கியர் பெட்டிக்கு இரண்டு கேபிள்கள் போகின்றன. ஒன்று ராடின் இட-வல அசைவைக் கொண்டுபோகிறது: ஒன்று-இரண்டின் வரிசையா, மூன்று-நான்கின் வரிசையா, ஐந்து-ரிவர்ஸ் வரிசையா என்று தேர்ந்தெடுப்பது அதுதான். அதை செலக்ட் கேபிள் என்பார்கள். மற்றது முன்-பின் அசைவைக் கொண்டுபோய்க் கியரை விழவைக்கிறது. அது ஷிஃப்ட் கேபிள். கிளட்ச் கேபிள் இழுக்க மட்டும்தான் செய்யும். இவை இரண்டும் இழுக்கவும் தள்ளவும் வேண்டும். ஆகவே நீளம் ஓரிரு மில்லிமீட்டர் பிசகினாலும் ஒரு பக்கத்துக் கியர்கள் அரைகுறையாகத்தான் விழும்.

ஸ்பேனரை எடுக்குமுன் குறை யாருடையது என்று பாருங்கள். இதில் அரை மணி நேரம் செலவிட்டால் அரை நாள் மிச்சமாகும். எஞ்சினை நிறுத்திவிட்டுக் கிளட்சை மிதித்து எல்லாக் கியரையும் போட்டுப் பாருங்கள். ஏதாவது ஒன்று விழவில்லை என்றால் கிளட்சை விட்டு, வண்டியை ஒரு சாண் நகர்த்தி, மறுபடி முயலுங்கள்; உள்ளே பல்லுக்குப் பல் முட்டி நின்றிருக்கலாம். எஞ்சின் நிற்கும்போது எல்லாம் வெண்ணெய் போல விழுந்து, ஓடும்போது மட்டும் விழ மறுத்தால், கேபிளைத் தொடாதீர்கள். கிளட்ச் முழுதாக விடுபடவில்லை. அதை உறுதிசெய்ய, வண்டியை நிறுத்தி எஞ்சினை ஓடவிட்டுக் கிளட்சை மிதித்தபடி மூன்று நான்கு விநாடி பொறுத்து ரிவர்ஸ் போடுங்கள். அப்போதும் கறகறவென்று கடித்தால் கிளட்ச்தான். மார்கழி, தை மாதங்களில் விடிகாலையில் புல்லெல்லாம் உறைபனி வெளுத்துக் கிடக்கும்போது கியர் கனமாக இருப்பது வேறு சங்கதி. பெட்டியில் எண்ணெய் கெட்டியாகியிருக்கும். இரண்டு மூன்று கிலோமீட்டர் ஓடியதும் இளகிவிட்டால் அது குளிரின் வேலை.

எஞ்சின் நின்றாலும் ஓடினாலும் ஒரே மாதிரி தகராறு செய்தால், எந்தக் கியர்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். முதல் கியருக்குப் போனால் மூன்றாவது விழுகிறது, ரிவர்ஸ் வரிசை கிடைக்கவே இல்லை என்றால் செலக்ட் கேபிள். ஒன்று, மூன்று, ஐந்து நன்றாக விழுந்து, பின்பக்கம் இழுக்கும் இரண்டும் நான்கும் சேர்ந்து நழுவினால் ஷிஃப்ட் கேபிள். இரண்டாவது கியர் மட்டும் நழுவி, நான்காவது உறுதியாக நின்றால், குறை பெரும்பாலும் பெட்டிக்குள்ளே தேய்ந்த பல்லிலோ, கியரை நகர்த்தும் கவையிலோ இருக்கும். அதைக் கேபிளைத் திருகி மறைக்கப் பார்க்கக் கூடாது. மலை இறங்கும் வண்டியில் அது பெரிய தவறு.

இனி வேலைக்கு வருவோம். எங்கள் ஊரில் சமதளம் கிடைப்பதே அரிது, இருந்தாலும் தேடுங்கள். நான் கேரட் கழுவும் இடத்துக்குப் பக்கத்தில் உள்ள சிமென்ட் தரையில் நிறுத்துகிறேன். மலையில் வண்டியை நிறுத்தும்போது கியரில் போட்டு நிறுத்துவது நம் கைப்பழக்கம். இந்த வேலைக்கு வண்டி நியூட்ரலில் இருந்தாக வேண்டும் என்பதால் அந்தக் காவல் இல்லை. கைப்பிரேக்கை இழுத்து, நான்கு சக்கரங்களுக்கும் முன்னும் பின்னும் கட்டை வையுங்கள். கீழே படுக்க வேண்டியிருந்தால் ஜாக்கியை மட்டும் நம்பாமல் கீழே ஸ்டாண்ட் கொடுங்கள். சாவி உங்கள் சட்டைப்பையில் இருக்கட்டும். எஞ்சின் ஆறட்டும், புகைக்குழாய் பெட்டிக்கு அருகில்தான் போகிறது.

முன்சக்கர இழுவை வேன்களில் பானட்டைத் திறந்தாலே கேபிளின் முனைகள் தெரியும். என்னுடையது போல இருக்கைக்கு அடியில் எஞ்சின் உள்ளவற்றில் கேபிள் தரைக்கு அடியிலேயே ஓடும். சேறும் தண்ணீரும் நேராக அடிக்கும். பழைய துணியும் பிரஷ்ஷும் மண்ணெண்ணெயும் கொண்டு இரு முனைகளையும் துடைத்துச் சுத்தம் செய்யுங்கள். பளபளக்க வேண்டியதில்லை, மரையும் நட்டும் கண்ணுக்குத் தெரிந்தால் போதும்.

இப்போது ஒருவர் ராடை அசைக்க வேண்டும், ஒருவர் கீழே பார்க்க வேண்டும். எனக்கு என் மகள்தான் உதவி. அவள் உள்ளே உட்கார்ந்து மெதுவாக முன்னும் பின்னும் அசைக்க, நான் கீழே படுத்து, கேபிளின் வெளியுறை தாங்கியில் மாட்டியிருக்கும் இடத்தில் ஆள்காட்டி விரலை வைத்தேன். உள்கம்பி மட்டும்தான் நகர வேண்டும். உறை கல் போல நிற்க வேண்டும். முதன்முறை பார்த்தபோது என் விரலடியில் உறை ஒரு நெல்மணி அளவுக்கு முன்னே போய்ப் பின்னே வந்தது. அவள் ராடில் கொடுத்த அசைவில் ஒரு பங்கு அந்த இடத்திலேயே வீணாகிக்கொண்டிருந்தது. “அப்பா, இன்னும் அசைக்கட்டுமா?” என்று கேட்டாள். “போதும் கண்ணு, ஆள் கிடைத்துவிட்டது” என்றேன். கிளிப்பைக் கழற்றிப் பார்த்தால் வளைந்த இடம் துருவேறி விரிந்திருந்தது. புதுக் கிளிப் போடாமல் எத்தனை முறை நட்டைத் திருகினாலும் அடுத்த வாரமே பழைய நிலைதான்.

அதே பார்வையில் முனையில் உள்ள கிண்ணத்தையும் பாருங்கள். உருண்டைத் தலை மேல் உட்காரும் அது தேய்ந்து ஆட்டம் கொடுத்தால் மாற்றியே ஆக வேண்டும். சில வேன்களில் கிண்ணம் தனியாகக் கிடைக்கும், சிலவற்றில் கேபிளோடு சேர்த்துத்தான் வாங்க வேண்டும். எஞ்சினைத் தாங்கும் ரப்பர்கள் கிழிந்திருந்தாலும், காலை எடுக்கும்போது எஞ்சின் குலுங்கி, கேபிளை இழுத்துக் கியரைத் தள்ளிவிடும். உறை கிழிந்து தண்ணீர் புகுந்த கேபிள், முனைகளைக் கழற்றிக் கையால் தள்ளும்போது சொரசொரவென்று இருக்கும். அதற்குள் எண்ணெய் ஊற்றுவதில் எனக்கு நம்பிக்கை இல்லை. இரண்டு நாள் இளகும், பிறகு மண்ணைப் பிடித்துக்கொண்டு முன்னைவிட இறுகும்.

இவையெல்லாம் சரியாக இருந்தால் மட்டும் நீளத்தைத் தொடுங்கள். தொடுமுன் நட்டுக்கும் மரைக்கும் குறுக்கே வெள்ளை பெயின்டால் ஒரு கோடு இழுத்து, வெளியே எத்தனை மரை தெரிகிறது என்று எண்ணி எழுதிவையுங்கள். எங்கே தவறினாலும் திரும்பி வர அதுதான் வழி. கிண்ணத்தை உருண்டையிலிருந்து நேராக மேலே நெம்புங்கள். பக்கவாட்டில் நெம்பினால் பிளாஸ்டிக் வாய் பிளந்துவிடும்.

கேபிள் கழன்றதும், அது மாட்டியிருந்த பெட்டியின் பக்கத்துச் சிறு நெம்புகோலைத் தொட்டுப் பாருங்கள்; அதைத்தான் இங்கே ‘கை’ என்கிறேன். செலக்ட் கையைத் தள்ளிவிட்டால், பெட்டியில் உள்ள ஸ்பிரிங் அதை மூன்று-நான்கின் வரிசைக்கே கொண்டுவந்து நிறுத்தும். அது தானாக நிற்கும் இடம்தான் நமக்கு வேண்டும். ஷிஃப்ட் கையை முன்பின் அசைத்தால் நடுவில் ஒரு சொடுக்கு கையில் தட்டும், அது நியூட்ரல்.

உள்ளே ராடையும் நடுவில் நிறுத்த வேண்டும். சில வேன்களில் அடித்தட்டில் ஒரு துளை இருக்கும். சரியான அளவுள்ள டிரில் பிட்டின் தண்டைச் செருகினால் ராடு பூட்டிக்கொள்ளும். எவ்வளவு தடிமன் என்று வண்டியின் சர்வீஸ் கையேட்டில் இருக்கும். என் வேனில் துளை கிடையாது. கேபிள் கழன்ற நிலையில் ராடு முன்னும் பின்னும், இடமும் வலமும் எவ்வளவு போகிறது என்று அளந்து, இரண்டுக்கும் நடுவைக் குறித்து, ஒட்டுப்பலகையில் பள்ளம் வெட்டி அதில் ராடை உட்காரவைத்தேன். கையால் பிடித்துக்கொள்ளச் சொன்னால் எவ்வளவு கவனமான கையும் சாய்ந்துவிடும். பலகை வைத்த பிறகு மகள் சொன்னாள்: “அப்பா, கையை எடுத்துவிட்டேன். அதுவாகவே நிற்கிறது.”

இரு பக்கமும் அதனதன் இடத்தில் தானாக நிற்கும்போது, கிண்ணத்தை உருண்டைக்கு நேரே கொண்டுவாருங்கள். தள்ளாமல் இழுக்காமல் அது உருண்டையின் தலை மேல் வந்து நிற்க வேண்டும். நிற்கவில்லை என்றால் லாக் நட்டைத் தளர்த்தி முனையைத் திருகுங்கள். என் வேனில் ஒரு முழுச் சுற்றுக்கு ஒரு மில்லிமீட்டர். கையையோ ராடையோ இழுத்துவந்து கிண்ணத்தில் பொருத்திவிட்டுப் பொருந்திவிட்டது என்று எண்ணுவதுதான் இந்த வேலையில் நடக்கும் பெரும்பிழை. கேபிள்தான் அவற்றுக்கு ஏற்ப நீளவும் குறுகவும் வேண்டும். ஐந்தாறு சுற்றுக்கு மேல் திருக வேண்டிவந்தால் நின்று யோசியுங்கள். கேபிள் ரப்பர் அல்ல, அவ்வளவு நீளாது. வேறு ஏதோ இடம்பெயர்ந்திருக்கிறது.

மரையே இல்லாத புது வகைகளும் உண்டு. முனையில் நிறம் பூசிய பிளாஸ்டிக் பூட்டு இருக்கும். அதைத் தூக்கினால் முனை தளரும். இரு பக்கமும் நடுவில் நிற்கும்போது அமுக்கிப் பூட்டினால் வேலை முடிந்தது. எந்தச் சரிசெய்யும் வசதியும் இல்லாத கேபிளும் இருக்கிறது. அதை மாற்றத்தான் முடியும்.

லாக் நட்டை இறுக்கும்போது இரண்டு ஸ்பேனர் வேண்டும். ஒன்று முனையை அசையாமல் பிடிக்க, மற்றது நட்டைத் திருப்ப. ஒன்றாலேயே இறுக்கினால் உள்கம்பி முறுக்கேறி, சில நாளில் தானே பிரிந்து, நீங்கள் வைத்த அளவைக் கெடுத்துவிடும். இறுக்கியதும் நட்டுக்கும் மரைக்கும் குறுக்கே புதுக் கோடு இழுங்கள். கிண்ணத்தில் சிறிது கிரீஸ் தடவி உருண்டையில் அமுக்குங்கள். டக்கென்று சத்தம் கேட்க வேண்டும். கிளிப்பை மாட்டி, ஒருமுறை இழுத்துப் பாருங்கள்.

பலகையை எடுத்துவிட்டு, எஞ்சின் நிறுத்திய நிலையிலேயே எல்லாக் கியரையும் இருமுறை போடுங்கள். ஒவ்வொன்றிலும் ராடு இறுதிவரை போன பிறகும், சுற்றியுள்ள ரப்பர் உறைக்கும் தட்டுக்கும் முட்டாமல் கொஞ்சம் இடம் மிச்சமிருக்க வேண்டும். முட்டினால் கியர் உள்ளே முழுதாக இறங்கியிராது. ரிவர்ஸுக்கு இருக்கும் தடை வேலை செய்கிறதா என்பதையும் பாருங்கள். ஐந்திலிருந்து நேரே ரிவர்ஸுக்கு விழக் கூடாது.

பிறகு கட்டைகளை எடுத்து, சரக்கு ஏற்றாமல், சமமான சாலையில் ஓட்டுங்கள். அடுத்து ஒரு சிறு இறக்கம், மலைப்பாதை அல்ல. இரண்டாவது கியரில் இறங்கி, ஆக்சிலேட்டரை விட்டு, ராடிலிருந்து கையை எடுத்துவிடுங்கள். கால் பிரேக் பெடல் மேல் தயாராக இருக்கட்டும். ஆக்சிலேட்டரை மிதித்தும் விட்டும் ஐந்தாறு முறை செய்யுங்கள். ராடு ஒருமுறையேனும் தானாக நகர்ந்தால் அன்றைக்கு மேட்டுப்பாளையம் கிடையாது. கேரட்டை வேறு வண்டியில் ஏற்றிவிடுவேன். நகராமல் நின்றால் மறுநாள் பாதிச் சரக்கு, அதற்கடுத்த நாள் முழுச் சரக்கு.

ஒரு வாரம் கழித்து நட்டில் இழுத்த வெள்ளைக் கோட்டைப் பாருங்கள். புதிதாக இறுக்கிய இடத்தில் புதுக் கோடு இழுத்திருப்பீர்கள். அது ஒரே நேராக இருந்தால் நட்டு அசையவில்லை. நான் வண்டியின் அடியில் சேறு கழுவும்போதெல்லாம், அந்தக் கோட்டின் மேல் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டுத்தான் குழாயை மூடுகிறேன்.