கெராங்கைப் பச்சைத் தண்ணீரில் ஊறப்போடாதீர்கள்

மலேசியாவின் சிலாங்கூர் மாநிலத்தில் உள்ள எங்கள் ஊரின் பலகையில் பெஸ்தாரி ஜெயா என்று எழுதியிருந்தாலும் எங்கள் வாயில் இன்னும் பத்தாங் பெர்ஜுந்தாய்தான். சுற்றிலும் செம்பனை, பழைய ஈயச் சுரங்கக் குட்டைகள், நடுவில் சிலாங்கூர் ஆறு. இங்கிருந்து பார்த்தால் கடல் தெரியாது. ஆனால் பாசார் மாலாம் என்கிற இரவுச் சந்தையில் ஈரச் சாக்கை அவிழ்த்துக் கெராங்கை, அதாவது சேற்றில் வாழும் சிவப்பு ரத்த மட்டியை, கொட்டும் இடத்தில்தான் முதல் கூட்டம் சேரும். தோட்டத்துக்காரர்கள் கெராங் பிரட்டலில் கெட்டிக்காரர்கள். ஆனால் கெராங் எப்படி உயிர் வாழ்கிறது என்பதில் அவ்வளவு கெட்டி இல்லை. செய்கிற தவறுகளில் பெரும்பாலானவை அங்கிருந்துதான் வருகின்றன.

சின்ன வயதில் நடந்தது. லயத்தில், அதாவது தோட்டத்து வரிசை வீடுகளில், பக்கத்து வீட்டு அத்தை மூன்று கிலோ வாங்கி, வாளி நிறையக் குழாய்த் தண்ணீர் பிடித்துப் போட்டார். "ராத்திரி பூரா ஊறினாத்தான்டா தம்பி சேறு கக்கும்" என்றார். விடிந்தபோது அது சேறு கக்கியிருக்கவில்லை, செத்துப் போயிருந்தது. அந்த நாற்றம் லயத்தின் கடைசி வீடு வரை போனது. இன்றும் பல வீடுகளில் இதே வாளி, இதே நம்பிக்கை.

கெராங் உப்பும் நன்னீரும் கலக்கும் கழிமுகச் சேற்றில் வாழ்கிற பிராணி. உப்பில்லாத தண்ணீர் பட்டதும் ஓட்டை இறுக்கி மூடிக்கொள்ளும். மூடிய வாய் எப்படிக் கக்கும்? மணிக்கணக்கில் மூடியே கிடந்து, தாங்க முடியாமல் திறக்கும்போது நன்னீர் உள்ளே புகுந்து உடலை ஊதவைத்துக் கொன்றுவிடும். சேறு போக வேண்டுமென்றால் அது தன் ஊரில் இருப்பதாக நினைக்க வேண்டும். ஒரு லிட்டர் தண்ணீருக்கு 25 முதல் 30 கிராம் உப்பு, அதாவது ஏறக்குறைய ஒன்றரை மேசைக்கரண்டி. குழாய்த் தண்ணீரில் குளோரின் வாடை இருந்தால் முதல் நாளே பிடித்துத் திறந்து வையுங்கள். ஆழமான வாளி வேண்டாம். அகலமான தட்டில் ஒன்றிரண்டு அடுக்காகப் பரப்பி, மேலே துணி போட்டு, நிழலில் இரண்டு மூன்று மணி நேரம் விட்டால் போதும். இரவு முழுக்க விட்டால் தண்ணீரில் உள்ள ஆக்சிஜன் தீர்ந்து, அத்தையின் வாளிக் கதைதான். பிளாஸ்டிக் பையில் இறுக்கக் கட்டிவைப்பதும், ஐஸ் உருகிய தண்ணீரில் மிதக்கவிடுவதும் இதே வகைக் கொலைதான். ஈரச் சாக்கில் சுற்றி வையுங்கள், ஒரு நாளைக்கு மேல் வேண்டாம்.

வாங்கும்போது செய்கிற தவறு எடையை நம்புவது. கனமாக இருந்தால் சதை அதிகம் என்று கை போகும். உள்ளே பிராணி செத்து, ஓட்டுக்குள் வெறும் சேறு அடைத்துக் கிடக்கும் கெராங்கும் கனமாகத்தான் இருக்கும். அப்படி ஒன்று சட்டியில் வாய் திறந்தால் குழம்பு முழுக்கக் கறுப்பு. இரண்டு இரண்டாக எடுத்துத் தட்டிப் பாருங்கள். கல்லும் கல்லும் மோதுகிற சத்தம் வராமல் மொத்தென்று கேட்டால் சந்தேகப்படுங்கள். வாய் பிளந்து கிடப்பதைத் தட்டியும் மூடவில்லையா, அது போய்விட்டது. தவுக்கேயிடம், அதாவது கடை முதலாளியிடம், தயங்காமல் திருப்பிக் கொடுங்கள்.

இனி அந்தச் சிவப்பு. மட்டி, சிப்பி, கிளிஞ்சல் என்று நாம் சொல்கிற இரட்டை ஓட்டுப் பிராணிகளில் பெரும்பாலானவற்றின் ரத்தத்துக்கு நிறமே கிடையாது. கெராங் போன்ற சிலவற்றுக்கு மட்டும் நம்மைப் போல ஹீமோகுளோபின். ஆக்சிஜன் குறைந்த சேற்றில் பிழைக்க அது தேவைப்படுகிறது. தண்ணீருக்கு வெளியே சாக்கில் உயிரோடு நம் ஊர் வரை வந்து சேர்வதற்கும் அது ஒரு காரணம். நம் ஆட்களோ சிவப்பு ஒழுகினால்தான் ருசி என்று கொதிநீரை ஊற்றி, ஒரு நிமிடம் கூட விடாமல் எடுத்துவிடுகிறார்கள். சார் கோய் தியா என்கிற வறுத்த நூடுல்ஸில் கடைசி நொடியில் தூவுகிற கெராங்கும் அப்படித்தான். சிவப்பு இருக்கிறதென்றால் வேகவில்லை என்று பொருள், புதிது என்று அல்ல.

வேகாத கெராங் என்ன செய்யும் என்பதற்கு 1988ஆம் ஆண்டு ஷாங்காய் போதும். அங்கே கெராங்கின் நெருங்கிய உறவான ஒரு மட்டியைச் சுடுநீரில் முக்கியெடுத்து அரைவேக்காடாகத் தின்பது வழக்கம். சாக்கடை கலந்த கடலில் எடுத்த மட்டியால் அந்த ஆண்டு சுமார் 3 லட்சம் பேருக்கு ஹெபடைடிஸ் ஏ என்கிற மஞ்சள் காமாலை வந்தது. காரணம் மட்டியின் சாப்பாட்டு முறை. அது வாய் திறந்து தண்ணீரை இழுத்து, செவுளில் வடிகட்டி, நுண்பாசியைத் தின்கிறது. தண்ணீரில் வைரஸ் இருந்தால் அதுவும் உள்ளே சேரும். உப்புநீரில் ஊறவைத்தால் மணலும் சேறும் போகும், வைரஸ் போகாது. உள்சதை 90 டிகிரி சூட்டில் ஒன்றரை நிமிடம் இருக்க வேண்டும் என்பது உணவுத் துறையில் கடைப்பிடிக்கும் அளவு. சமையலறையில் சொன்னால், ஓடு திறந்த பிறகும் சில நிமிடம் கொதிக்கவிட்டு, சதை சுருங்கி இறுகுவதைப் பார்த்து இறக்குங்கள். கொஞ்சம் ரப்பர் மாதிரி ஆகும்தான். ஆகட்டும்.

ஆனால் எவ்வளவு வேகவைத்தாலும் போகாத ஒன்று உண்டு. இதைப் பற்றிச் சொன்னால் எங்கள் ஊரில் பலர் நம்புவதில்லை. "புளி ஊத்தி, மஞ்சள் போட்டா எல்லாம் முறிஞ்சிடும்" என்பார்கள். கடலில் சில வகை நுண்பாசிகள் திடீரென்று பெருகும்போது அவற்றிலுள்ள சாக்சிடாக்சின் என்ற நஞ்சு மட்டியின் சதையில் சேர்கிறது. மட்டிக்கு ஒன்றும் ஆகாது, நமக்குத்தான் உதடு மரத்து, விரல் நுனி குறுகுறுத்து, முற்றினால் மூச்சுத் தசைகளே நின்றுபோகும். கொதிக்கவைத்தாலும் புளியோ எலுமிச்சையோ பிழிந்தாலும் அந்த நஞ்சு அசையாது. மாற்று மருந்தும் இல்லை. நஞ்சு இறங்கும்வரை மருத்துவமனையில் சுவாசத்தைத் தாங்கிப் பிடிப்பதே சிகிச்சை. போர்னியோ தீவிலுள்ள சபா மாநிலத்தில் 1976இலிருந்தே இந்தத் தொல்லை இருக்கிறது. அது சபாவோடு சரி என்று இங்கே பலர் நினைத்திருந்தபோது, 2024 ஏப்ரலில் தீபகற்பத்தின் மேற்குக் கரையில் உள்ள போர்ட்டிக்சனில் மட்டி சாப்பிட்டவர்கள் மருத்துவமனைக்குப் போனார்கள். தண்ணீர் சிவப்பாக மாறினால்தான் ஆபத்து என்பதும் தவறு, நிறமே மாறாமலும் நஞ்சு ஏறலாம். மீன்வளத் துறை ஒரு கடற்கரையில் மட்டி வேண்டாம் என்று அறிவித்தால், அது கெராங்குக்கும் லாலா என்ற மட்டிக்கும் சேர்த்துத்தான். உதடு மரத்தால் மோர் குடித்துவிட்டுப் படுக்காதீர்கள், காரை எடுங்கள்.

கெராங் சேற்றில் தானாக முளைக்கிறது என்று சொல்பவர்களை இன்னும் சந்திக்கிறேன். ஆண் வேறு, பெண் வேறு. முட்டையும் விந்தும் தண்ணீரில் கலந்து கருவாகின்றன. குஞ்சு கண்ணுக்குத் தெரியாத அளவில், மெல்லிய ரோமங்களை அசைத்து நீந்தி, சில வாரம் நீரோட்டத்தோடு போகும். பிறகுதான் அடியில் இறங்கி, நூல் போன்ற இழையால் எதையாவது பற்றிக்கொண்டு, அப்புறம் சேற்றில் புதையும். பேராக், சிலாங்கூர் கரைகளில் கெராங் வளர்ப்பவர்கள் செய்வது இந்தக் குஞ்சுகளை வாரி வேறு சேற்றில் தூவுவதைத்தான். விற்கிற அளவுக்கு வளர ஓராண்டு, ஒன்றரை ஆண்டு ஆகும். 2010இல் நாட்டின் விளைச்சல் 70,000 டன்னுக்கு மேல். சில ஆண்டுகளில் அது கால்வாசிக்கும் கீழே போனது. கெராங் விலை ஏன் ஏறியது என்று தவுக்கேயைத் திட்டுவதற்கு முன் இதையும் நினைக்கலாம். எங்கள் ஊரைத் தாண்டி, கம்போங் குவாந்தான் மின்மினிகளைத் தாண்டி, கோலசிலாங்கூரில் கடலில் விழுகிற ஆறு எதைக் கொண்டு போகிறதோ அதைத்தான் அந்தக் கழிமுகத்துக் குஞ்சு வடிகட்டுகிறது.

நீந்தும் குஞ்சு என்பதால் மட்டி கப்பல் ஏறியும் போகும். ஆசியாவின் அமுர் ஆற்றுப் பெயர் கொண்ட ஒரு சின்ன மட்டி, சரக்குக் கப்பல்கள் பாரத்துக்காக ஏற்றும் தண்ணீரில் சான் பிரான்சிஸ்கோ விரிகுடாவுக்குப் போய், 1986இல் முதன்முதலாகக் கண்ணில் பட்டது. சில ஆண்டுகளிலேயே ஒரு சதுர மீட்டரில் ஆயிரக்கணக்கில் நிறைந்து, மீன்குஞ்சுகளின் உணவான நுண்பாசியை வடித்தெடுத்துவிட்டது. வட அட்லாண்டிக்கின் மெல்லோட்டு மட்டியும் அதே விரிகுடாவுக்கு 1870களில் சிப்பிக் குஞ்சுகளோடு போய்ச் சேர்ந்ததுதான். மிஞ்சிய உயிர் மட்டிகளைப் பாவம் பார்த்து ஆற்றிலோ வேறு கடற்கரையிலோ விடுவது அதனால்தான் தவறு. கெராங்கை எங்கள் ஈயக் குட்டையில் விட்டால் செத்துவிடும், அது வேறு விஷயம்.

ஞாயிற்றுக்கிழமை ஜெராம் கடற்கரைப் பக்கம் மட்டி தோண்டப் போகிறவர்களுக்கு ஒன்று. எல்லா மட்டியும் ஒரே ஆழத்தில் இருக்காது. கெராங்குக்கு நீர் இழுக்கும் நீண்ட குழல் இல்லை, அதனால் மேற்சேற்றிலேயே கிடக்கும், கையால் துழாவினாலே அகப்படும். மெந்தாராங் என்ற மட்டிக்கு நீளமான குழல். உடல் ஆழத்தில், ஓடு அப்பளம் போல மெலிது, முழுதாக மூடவும் மூடாது. மண்வெட்டியைப் போட்டால் நொறுங்கும். துளையின் பக்கவாட்டில் கையை இறக்குவதுதான் வழி. பந்தாய் ரெமிஸ் கரையின் பெயரிலேயே இருக்கிற ரெமிஸ் மட்டி, பார்த்துக்கொண்டிருக்கும்போதே நொடிகளில் மணலில் மறையும். காலை நீட்டி, அதில் ரத்தத்தைப் பாய்ச்சிக் காலின் நுனியை ஊதவைத்து நங்கூரம் போலப் பிடித்து, ஓட்டைச் சட்டென்று மூடி நீரைப் பீய்ச்சி மணலை இளக்கி, தன்னைத்தானே கீழே இழுத்துக்கொள்கிறது. வேகமாகத் தோண்டி அதை வெல்ல நினைப்பவர்களுக்கு முதுகுவலிதான் மிச்சம்.

சுண்டுவிரல் நகம் அளவு உள்ளதை வாரி வராதீர்கள். அதில் சதை இல்லை, அது இன்னும் ஒருமுறை கூட முட்டை விட்டிருக்காது. தோண்டிய குழியை மூடிவிட்டு வாருங்கள். சேற்றில் தூரமாக நடப்பவர்கள் ஒரு முழங்காலை ஊன்றி மறு காலால் தள்ளுகிற தொங்காப் பலகையோடு போவதைப் பார்த்திருப்பீர்கள். அந்தப் பலகை இல்லாமல் அவர்கள் போகிற இடத்துக்கு நாம் போகக் கூடாது. நீர் ஏறும்போது முன்னாலிருந்து மட்டும் வராது, பின்னால் உள்ள ஓடைகளில் முதலில் நிறையும். வாளி பாதிதான் நிறைந்திருந்தாலும், ஓடையில் தண்ணீர் கரைப்பக்கம் திரும்பி ஓடத் தொடங்கியதும் கிளம்பிவிடுங்கள்.