முகாமில் விட்டுப்போன கன்று

தடுப்பூசி அட்டவணை மாட்டாஸ்பத்திரிச் சுவரிலேயே ஒட்டியிருக்கும். அதைப் பார்த்து எழுதிக்கொள்வது பெரிய வேலை இல்லை. தடுப்பூசி முகாம் அன்றைக்கு எந்த மாடு, எந்தக் கன்று விட்டுப்போனது என்று எழுதி வைப்பதுதான் வேலை.

எங்கள் கட்டுத்தறியில் 14 உருப்படி. ஒரு வருஷம் கோமாரி ஊசிக்கு வந்தபோது செவலையின் கன்றுக்கு இரண்டரை மாதம். நான்கு மாதம் நிறையவில்லை, அடுத்த முறை பார்க்கலாம் என்றார்கள். அடுத்த முறை என்பது ஆறு மாதம் கழித்து. அதற்குள் கன்றின் வாயெல்லாம் கொப்புளம், எச்சில் நூல் நூலாகத் தரையைத் தொட்டது. பிழைத்துக்கொண்டது, ஆனால் பெரிதான பிறகும் வெயில் ஏறினால் நாக்கைத் தள்ளி இரைக்கும்.

அதன் பிறகுதான் கன்றுக்கு ஒரு பக்கம் என்று நோட்டுப் போட்டேன். மேலே பிறந்த தேதி, காதுவில்லையின் 12 இலக்க எண். நான்கு மாதம் முடியும் நாளில் கோமாரி முதல் ஊசி, ஒரு மாதம் கழித்து மறு ஊசி, அப்புறம் ஆறு மாதத்துக்கு ஒன்று. மறு ஊசியைத்தான் பெரும்பாலோர் கோட்டை விடுகிறார்கள்.

கிடேரிக் கன்றானால் கன்று வீச்சு நோய்க்கும் (சினை கலைந்துபோகும் புருசெல்லா நோய்) ஒரு வரி. நான்கிலிருந்து எட்டு மாதத்துக்குள், ஆயுளுக்கு ஒரே முறை. காளைக் கன்றுக்கும் சினை மாட்டுக்கும் கூடாது. உயிருள்ள கிருமி மருந்து, ஊசி தவறி நம் கையில் குத்தினால் நமக்கும் அந்த நோய் காய்ச்சலாக வரலாம். கன்றைப் பிடித்துக்கொள்வதோடு நிறுத்திக்கொள்ளுங்கள், மருந்து டாக்டர் கையில் இருக்கட்டும்.

தொண்டை அடைப்பான், சப்பை நோய் இரண்டுக்கும் வருஷத்துக்கு ஒரு முறை, ஆறு மாதம் தாண்டியவற்றுக்கு. ஊசி வேலை செய்யவே இரண்டு மூன்று வாரம் ஆகும் என்பதால், உங்கள் ஊரில் மழை பிடிப்பதற்கு ஒரு மாதம் முன்பே போட்டுவிடுங்கள். சப்பை நோய் வாட்டசாட்டமான இளசுகளைத்தான் தேடிப் பிடிக்கும். வெறும் அடைப்பான் என்பது வேறு நோய், ஆந்த்ராக்ஸ்; அதற்கான ஊசி அந்த நோய் வந்த ஊர்களுக்கு மட்டும். மாட்டின் தோலில் கட்டி கட்டியாக வரும் பெரியம்மைக்கும் வருஷத்துக்கு ஒன்று.

ஊசிக்கு இரண்டு வாரம் முன்பு குடற்புழு மருந்து கொடுத்துவிடுவேன். தடுப்பூசி மருந்துப் புட்டி 2 முதல் 8 டிகிரிக்குள் இருக்க வேண்டும். கோமாரி மருந்து உறைந்துபோனால் தூக்கிப் போட வேண்டியதுதான், ஐஸ் கட்டிமேல் நேராக வைத்திருந்தால் தயங்காமல் கேளுங்கள்.

பால் குறையும் என்று முகாம் நாளில் மாட்டை மேய்ச்சலுக்கு ஓட்டிவிடுகிறவர்கள் எங்கள் ஊரில் உண்டு. சரி, குறையும்தான், இரண்டு மூன்று நாள். கோமாரி வந்தால் அந்த ஈத்துக் கறவையே போச்சு.

காய்ச்சலில் இருந்தது, இன்றோ நாளையோ ஈனும் என்று டாக்டர் தள்ளிவைத்தது, சந்தையில் வாங்கி மூன்று வாரம் தனியாகக் கட்டியிருப்பது எல்லாம் நோட்டின் கடைசிப் பக்கத்தில் ஏறும். ஒவ்வொரு மாதமும் முதல் தேதி அந்தப் பக்கத்தைத்தான் முதலில் திறப்பேன். இந்த மாதம் அதில் புள்ளிக்காரி மட்டும் இருக்கிறாள், ஈன்று பத்து நாள் ஆகிறது.