தௌப்ராவ்கா: நல்லவளா, மரத்தோப்பா? அரிய ஸ்லாவியப் பெயருக்குப் பொருள் தேடும் வழி

தெரிந்தவர் ஒருவரின் மகன் பிராகில் வேலை பார்க்கிறான். மருமகள் செக் பெண். பேத்தி பிறக்கப் போகிறாள் என்றதும் மருமகளின் கொள்ளுப்பாட்டி பெயரையே வைக்கலாம் என்று பேச்சு எழுந்திருக்கிறது. பெயர் தௌப்ராவ்கா. நம்மவர் உடனே கைபேசியை எடுத்துத் தேடியிருக்கிறார். ஒரு தளத்தில் 'நல்லவள்' என்று இருக்கிறது, இன்னொன்றில் 'ஓக் மரத்தோப்பு', மூன்றாவதில் 'வீரமங்கை'. எது சரி என்று என்னைக் கேட்டார். மூன்றாவதை மட்டும் அங்கேயே தள்ளிவிடலாம், பெயரின் நடுவில் 'பிராவ்' என்று வருவதைப் பார்த்து யாரோ ஆங்கிலச் சொல்லை அதற்குள் நுழைத்திருக்கிறார்கள். மற்ற இரண்டுக்கும் விடை சொல்ல ஒரு வாரம் பிடித்தது. அந்த ஒரு வாரத்தில் செய்ததைத்தான் இங்கே எழுதுகிறேன், செக், போலிஷ், ரஷ்யன் போன்றவை சேர்ந்த ஸ்லாவிய மொழிக் குடும்பத்தின் வேறு எந்த அரிய பெயருக்கும் இதே வழி உதவும்.

முதல் வேலை, பெயரை அதன் சொந்த ஊர் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். செக், போலிஷ், குரோவேஷிய மொழிகள் லத்தீன் எழுத்தில் எழுதப்பட்டாலும் எழுத்தின் மேலும் கீழும் கொக்கி, கோடு, வால் என்று ஏதாவது இருக்கும். அதை விட்டுவிட்டுத் தேடினால் வேறு சொல்லில் போய் முட்டுவீர்கள். தமிழில் எழுதும்போதும் ஒரு கவனம் வேண்டும். ஸ்லாவிய மொழிகளின் 'த' நம் 'த' போலவே பல்லில் நாக்கு படும் ஒலி. ஆங்கிலம் வழியாக வருவதால்தான் நாம் 'ட' போட்டுவிடுகிறோம். ரஷ்ய மொழியிலிருந்து நேரடியாக மொழிபெயர்த்தவர்கள் தல்ஸ்தோய், தஸ்தயேவ்ஸ்கி என்று எழுதியதன் காரணம் இதுதான். அந்தப் பழைய சோவியத் புத்தகங்களைப் படித்து வளர்ந்தவர்களுக்கு நான் 'டௌப்ராவ்கா' என்று எழுதாதது புரிந்திருக்கும்.

அடுத்தது, வாலை வெட்டுவது. ஸ்லாவியப் பெண் பெயர்களின் கடைசியில் வரும் -கா, -இத்சா, -இனா, -எனா போன்றவை பெரும்பாலும் செல்லத்துக்கோ பெண்பாலுக்கோ ஒட்டியவை, பொருள் அங்கே இருக்காது. தௌப்ராவ்காவில் -கா போனால் மிஞ்சுவது 'தௌப்ராவ்'. இத்தோடு ஓர் 'ஆ' சேர்த்தால் தௌப்ராவா. செக் மொழியில் இது இன்றும் புழங்கும் ஒரு சாதாரணச் சொல், ஓக் மரங்கள் நிறைந்த தோப்பு என்று பொருள். செக் நாட்டில் தௌப்ராவா என்று ஓர் ஆறே ஓடுகிறது, பில்சென் நகரில் தௌப்ராவ்கா என்றே ஒரு பகுதி இருக்கிறது. இங்கேயே நிறுத்திவிட்டு 'தோப்பு' என்று பதில் சொல்லியிருக்கலாம். ஆனால் 'நல்லவள்' எங்கிருந்து வந்தது என்று தெரியாமல் நிறுத்த மனம் வரவில்லை.

வாலை வெட்டிய பிறகு இரண்டு துண்டாக உடைகிறதா என்றும் பாருங்கள். பழைய ஸ்லாவியப் பெயர்களில் பல இரண்டு வேர்களைக் கோத்தவை. 'ஸ்லாவ்' என்றால் புகழ், 'மில்' என்றால் அன்புக்குரிய, 'லுத்' என்றால் மக்கள், 'ராத்' என்றால் மகிழ்ச்சி, 'யார்' என்றால் வேகமும் வீரியமும், 'போலெ' என்றால் கூடுதல். லுத்மிலா மக்களுக்கு அன்பானவள், யாரோஸ்லாவா வீரியமும் புகழும் கொண்டவள். இரண்டு துண்டுகளையும் வைத்து ஒரு முழு வாக்கியம் கட்டப் பார்க்காதீர்கள், அவை பக்கத்தில் பக்கத்தில் நிற்கும் மங்கலச் சொற்கள், அவ்வளவுதான். இதில் 'மிர்' ஒரு வம்பு பிடித்த துண்டு. இன்றைய காதுக்கு அது 'அமைதி', 'உலகம்'. ஆனால் பல பழைய பெயர்களில் அந்த இடத்தில் இருந்தது 'பெருமை மிக்க' என்ற பொருள் தரும் வேறொரு வேர். இரண்டும் காலப்போக்கில் கலந்துவிட்டன. விளாதிமிர் என்றால் உலகை ஆள்பவன் என்று அடித்துச் சொல்பவர்களைப் பார்த்தால் கொஞ்சம் தள்ளி நில்லுங்கள். பொருளுக்கும் ஆளுக்கும் சம்பந்தம் தேடவே வேண்டாம், பெயரில் அன்பையும் அமைதியையும் சுமந்த திராஹொமீரா என்ற போகேமிய (இன்றைய செக் நாட்டின் மேற்குப் பகுதி) அரசிதான் 921-ல் தன் மாமியார் லுத்மிலாவைக் கழுத்தை நெரித்துக் கொல்ல ஆளனுப்பியவள் என்று வரலாறு சொல்கிறது.

சரி, தௌப்ராவ்காவுக்கு வருவோம். இனி செய்ய வேண்டியது, சந்தேகப்படும் இரண்டு வேர்களையும் நாலைந்து ஸ்லாவிய மொழிகளில் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்ப்பது. ஒரு தாளும் பேனாவும் போதும். 'நல்ல' என்பதற்கு செக் மொழியில் தொப்ரீ, போலிஷில் தொப்ரி, குரோவேஷியனில் தொபர், ரஷ்யனில் தோப்ரிய். எல்லா இடத்திலும் 'தொ'. ஓக் மரத்துக்கு? செக், குரோவேஷிய, ரஷ்ய மொழிகளில் 'துப்', போலிஷில் மட்டும் 'தொம்ப்' என்பதுபோல மூக்கொலியோடு வரும். தோப்புக்கும் அப்படியே: ரஷ்யனிலும் குரோவேஷியனிலும் துப்ராவா, போலிஷில் தொம்ப்ரோவா, செக் மொழியில் தௌப்ராவா. காரணம் எளிது. மூல ஸ்லாவிய மொழியில் இந்த மரப்பெயரில் மூக்கில் ஒலிக்கும் ஓர் உயிர் இருந்தது. போலிஷ் அதைக் காப்பாற்றி வைத்துக்கொண்டது, மற்றவை 'உ' ஆக்கிவிட்டன, செக் மொழியில் நெடில் 'ஊ' பிற்பாடு 'ஒஉ' என்று நீண்டது. 'நல்ல' என்ற சொல்லில் அந்த மூக்கொலி ஒருநாளும் இருந்ததில்லை. ஆகவே இன்றைய செக் பெயரில் 'தௌ' இருக்கிறது என்றால் அது தோப்புதான். நல்ல குணத்தைச் சொல்லும் பெயர்களும் செக் மொழியில் உண்டு, தொப்ரொமிலா, தொப்ரொஸ்லாவா. அவற்றில் 'தொ' அப்படியே நிற்பதைப் பாருங்கள். குரோவேஷியக் கடற்கரையில் இருக்கும் துப்ரோவ்னிக் நகரத்தின் பெயரையும் இந்த ஓக் வேரிலிருந்துதான் வருவிக்கிறார்கள். தெரிந்த ஊர்ப் பெயர் ஒன்றோடு இணைத்துக்கொண்டால் வேர் மறக்காது.

இந்த இடத்தில் ஒரு நல்ல அகராதி கையில் இருந்தால் நேரம் மிச்சம். ரஷ்ய வேர்களுக்கு மாக்ஸ் ஃபாஸ்மர் தொகுத்த சொற்பிறப்பு அகராதிதான் பலருக்கும் முதல் கதவு. 1944-ல் பெர்லின் மீது விழுந்த குண்டில் அவருடைய கையெழுத்துப் பிரதிகள் எரிந்துபோய், மனிதர் மறுபடி உட்கார்ந்து எழுதி 1950-களில் வெளியிட்டார். அதை நினைத்தால் நாம் நாலு மொழியில் சொல் தேட அலுத்துக்கொள்வது கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது.

அடுத்து வருவது பலரும் தாண்டிப் போய்விடும் படி, எனக்கு மிகப் பிடித்ததும் அதுதான். பெயர் முதன்முதலில் எங்கே, யாரால், எந்த எழுத்தில் எழுதப்பட்டது என்று பாருங்கள். இந்தப் பெயருக்கு அது வாய்த்தது அதிர்ஷ்டம். போகேமியாவை ஆண்ட முதலாம் போலெஸ்லாவின் மகள் 965-ல் போலந்தை ஆண்ட மியேஷ்கோவை மணந்தாள். அடுத்த வருடமே, 966-ல், மியேஷ்கோ ஞானஸ்நானம் பெற்றான். போலந்து நாட்டின் வரலாறே இந்த வருடத்திலிருந்துதான் எண்ணப்படுகிறது. இவர்களின் மகன் வீரன் போலெஸ்லாவ் 1025-ல் போலந்தின் முதல் அரசனாக முடிசூடினான். அந்த இளவரசிதான் நம் பெயரின் புகழ்பெற்ற சொந்தக்காரி, 977-ல் இறந்துபோனாள்.

அவளைப் பற்றி எழுதியவர்கள் மூன்று பேர் முக்கியம். ஜெர்மனியின் மெர்சபுர்க் ஆயர் தீட்மார் 1018-ல் இறந்தவர், காலத்தால் மிக அருகில் இருப்பவர். அவர் எழுதுவது 'தொப்ராவா', ஸ்லாவிய மொழியில் அதற்கு 'நல்லவள்' என்று பொருள் என அவரே விளக்கமும் தருகிறார். இணையத்தில் சுற்றும் 'நல்லவள்' இந்த வரியிலிருந்து கிளம்பியது. பிராகின் திருச்சபைத் தலைவர்களில் ஒருவரான கொஸ்மாஸ் 12-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுதியவர், செக் மொழிக்காரர். அவரிடம் பெயர் 'துப்ராவ்கா'. அதே காலத்தில் போலந்தில் இருந்து எழுதிய, கல்லூஸ் என்று அழைக்கப்படும் பெயர் தெரியாத ஆசிரியரிடமும் 'துப்ரோவ்கா'. 'உ' வந்தால் மரம், 'ஒ' வந்தால் குணம்.

பழைய ஏடு சொல்வதால் தீட்மார் சொன்னதே சரி என்று முடித்துவிடலாமா? எழுதியவரின் மனதையும் படிக்க வேண்டும். தீட்மாருக்கு இந்த இளவரசி மேல் மரியாதை. தவக்காலத்தில் இறைச்சி சாப்பிட்டுக்கூட கணவனை வசப்படுத்தி, பின்னால் அவனை மதம் மாற வைத்தாள், கெட்டதுபோலத் தெரிந்ததை நல்லதுக்காகச் செய்தாள் என்று கதை சொல்கிறார். 'நல்லவள்' என்ற பொருள் அந்தக் கதைக்கு எவ்வளவு வசதி! கொஸ்மாஸுக்கு நேர் எதிர் மனநிலை. வயது போன பெண் தலைத்துணியைக் கழற்றிவிட்டுக் கன்னிப்பெண்கள் அணியும் மகுடத்தைச் சூடிக்கொண்டு மணமேடை ஏறியது பெரிய அசட்டுத்தனம் என்று திட்டுகிறார், 'மிக நன்மையற்றவள்' என்கிற அளவுக்குப் போகிறார். 'நல்லவள்' என்ற பெயர் விளக்கம் அவர் காதுக்கும் எட்டி, அதைக் குத்திக்காட்டத்தான் அப்படி எழுதினாரோ என்று எனக்கு ஓர் எண்ணம். என் ஊகம்தான், கணக்கில் எடுத்துக்கொள்ள வேண்டாம்.

போலந்தில் இந்தச் சண்டை இன்னும் ஓயவில்லை. அங்கே தொப்ராவா, தொம்ப்ரூஃப்கா என்று அவளுக்கு இரண்டு பெயரும் புழக்கத்தில் உண்டு. ஆகவே நான் கொடுத்த பதில் இரண்டு பகுதியாக இருந்தது. இன்றைய செக் பெயர் தௌப்ராவ்காவுக்குத் தோப்பு என்பதில் சந்தேகமே இல்லை. 10-ஆம் நூற்றாண்டு இளவரசியைப் பெற்றவர்கள் மனதில் என்ன இருந்தது என்பதில் இரு பக்கமும் ஆள் இருக்கிறது, நான் தோப்புப் பக்கம். ஸ்லாவியர்களின் இடி தெய்வமான பெரூனுக்கு ஓக் உகந்த மரம், அதனால் இது அம்மன் பெயர் மாதிரி என்று யாராவது கிளம்பினால் மட்டும் விட்டுவிடாதீர்கள். மரம் புனிதம் என்பது வேறு, இந்தப் பெயரை அதற்காகத்தான் வைத்தார்கள் என்பது வேறு.

இன்னொன்றும் சரிபார்க்க வேண்டும்: பெயர் உண்மையிலேயே ஸ்லாவியதா, உண்மையிலேயே பழையதா? ஓல்கா ரஷ்யப் பெயர் என்றுதான் உலகமே நினைக்கிறது, அது ஸ்காண்டிநேவியாவிலிருந்து வந்த ஹெல்கா. வேரா, நதேஷ்தா, லுபோவ் மூன்றும் அசல் ஸ்லாவியச் சொற்கள், ஆனால் விசுவாசம், நம்பிக்கை, அன்பு என்ற கிரேக்கப் புனிதப் பெயர்களை மொழிபெயர்த்து வைத்தவை. ஸ்வெத்லானா இன்னும் வேடிக்கை. 'ஒளி' என்ற வேரில் 19-ஆம் நூற்றாண்டு தொடங்கும்போது கவிஞர்கள் உண்டாக்கிய பெயர் அது, 1813-ல் வெளிவந்த ரஷ்யக் கவிஞர் ஜுகோவ்ஸ்கியின் கதைப்பாடலால் பிரபலமானது. ஆதிகால ஸ்லாவியத் தேவதை என்று எழுதும் தளங்களை நம்பாதீர்கள். நினெல் (Ninel) என்ற பெயரைப் பார்த்தால் பின்னாலிருந்து படியுங்கள், லெனின் வருவார். லெனின், ஸ்டாலின் என்று பிள்ளைகளுக்குப் பெயர் வைத்த நம் ஊர்க்காரர்களுக்கு அந்த ஆசை புரியும்.

கடைசியாக, அந்தந்த நாட்டுப் பெயர்நாள் நாட்காட்டியைப் பாருங்கள். செக் நாட்டில் ஒவ்வொரு நாளுக்கும் ஒரு பெயர் உண்டு, அந்தப் பெயர்க்காரருக்கு அன்று வாழ்த்துச் சொல்வார்கள். நாட்காட்டியில் இருந்தால், எவ்வளவு அரிதானாலும் பெயர் இன்னும் உயிரோடு இருக்கிறது என்று அர்த்தம். தௌப்ராவ்காவுக்கு ஜனவரி 19.

அப்புறம் உச்சரிப்பு. இதை எந்த எழுத்தும் காட்டாது, ஒரு செக் வாய் சொல்லிக் கேட்க வேண்டும். 'க'-வுக்கு முன்னால் 'வ்' மெலிந்து 'ஃப்' ஆகிவிடும், தௌப்ராஃப்கா. அழுத்தம் எப்போதும் முதல் அசையில். நம்மைப் போலவே அவர்களுக்கும் விளி வேற்றுமை உண்டு, கண்ணன் 'கண்ணா' ஆவதுபோல கூப்பிடும்போது -கா போய் -கோ வரும். இதைச் சொன்ன அன்றிலிருந்து நம் தாத்தா வீட்டில் யாரும் இல்லாத நேரம் பார்த்து 'தௌப்ராஃப்கோ, தௌப்ராஃப்கோ' என்று பழகிக்கொண்டிருக்கிறாராம். பேத்திக்குப் பெயர் இன்னும் முடிவாகவில்லை.