ஈயத்தட்டில் ஒரு எலுமிச்சை: ஹார்லெம் பாணியில் முதல் ஸ்டில் லைஃப்

டச்சு ஸ்டில் லைஃப் (மேசைமேல் அடுக்கிய அசையாப் பொருள்களின் ஓவியம்) என்றதும் பலர் நேராகப் பெரிய பூச்சாடிக்கோ விருந்து மேசைக்கோ போய் மாட்டிக்கொள்கிறார்கள். இருபது வகைப் பூ, சிங்க இறால், வெள்ளிக் கூஜா. புதிதாக வரைகிறவருக்கு அது வேண்டாத தலைவலி. 1620-களிலிருந்து நெதர்லாந்தின் ஹார்லெம் நகரத்தில் பீட்டர் கிளாஸ், வில்லெம் கிளாஸ் ஹேடா இருவரும் வரைந்த காலை உணவு மேசைகளைப் பாருங்கள். கடித்து வைத்த ரொட்டி, ஈயத்தட்டு, பச்சைக் கண்ணாடிக் கோப்பை, பாதி தோல் சீவிய எலுமிச்சை. மேசை, சுவர், பாத்திரம் எல்லாம் சாம்பலும் பழுப்பும். பளிச்சென்று இருப்பது பெரும்பாலும் அந்த எலுமிச்சை மட்டும்.

(இரண்டு பெயரிலும் கிளாஸ் வருவதால் உறவுக்காரர்கள் என்று நினைக்க வேண்டாம். நம் இனிஷியல் மாதிரி அது அப்பா பெயர். இரண்டு அப்பாக்களுக்கும் ஒரே பெயர், அவ்வளவுதான்.)

1. முதலில் ஒரு படத்தைப் பாருங்கள்

ஹேடா 1635-ல் வரைந்த, பொன்முலாம் கோப்பை உள்ள ஓவியம் ஆம்ஸ்டர்டாமின் ரைக்ஸ் மியூசியத்தில் இருக்கிறது. அவர்கள் இணையதளத்தில் இலவசமாகப் பெரிதாக்கிப் பார்க்கலாம். போனில் ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்து கறுப்பு வெள்ளையாக மாற்றுங்கள். படம் கிட்டத்தட்ட அப்படியே நிற்கும். வெளிச்சம், நிழல் இரண்டின் அளவும் சரியாக இருப்பதால் நிறத்துக்கு அங்கே வேலை குறைவு. இதை ஒரு தடவை கண்ணால் பார்த்துவிட்டால் மீதிப் பாடம் பாதி முடிந்த மாதிரி.

இந்த வகைப் படங்களில் அடிக்கடி வரும் இன்னொரு பொருள் எனக்கு ரொம்பப் பிடிக்கும்: அச்சடித்த பழைய தாளைக் கூம்பாகச் சுருட்டிய மிளகுப் பொட்டலம். மளிகைக் கடைப் பொட்டலமேதான். மிளகு ஆசியாவிலிருந்து கப்பலில் போனது; டச்சுக் கிழக்கிந்திய கம்பெனி தொடங்கியது 1602-ல்.

2. மேசையை அடுக்குங்கள்

ஜன்னல் இடது பக்கம் இருக்கட்டும். வேறு விளக்கு எரியக்கூடாது. பின்னால் சாம்பல் நிறத் துணியோ அட்டையோ வையுங்கள்.

தட்டுக்குப் புது எவர்சில்வர் வேண்டாம், கண்ணாடி மாதிரி எல்லாவற்றையும் திருப்பிக் காட்டும். ரசம் வைக்கிற ஈயச்சொம்பின் மங்கலான மினுக்கம்தான் நமக்கு வேண்டும். ஹார்லெம் ஓவியர்களின் தட்டும் பெரும்பகுதி வெள்ளீயம். பழைய அலுமினியத் தட்டு போதும்.

தட்டின் ஓரம் மேசை விளிம்பைத் தாண்டி இரண்டு விரல் வெளியே நீட்டிக்கொண்டிருக்க வேண்டும். கத்தியையும் குறுக்கே, பிடி நம் பக்கம் வருகிறபடி வையுங்கள். விழுந்துவிடுமோ என்று கை நீளும். ஹார்லெம்காரர்களின் பழைய தந்திரம் இது, படத்துக்கு ஆழம் தருகிறது.

நம் ஊர் எலுமிச்சைக்குத் தோல் மெல்லிசு, சுருளாகச் சீவினால் அறுந்துவிடும். பழுத்த நார்த்தங்காய் கிடைத்தால் வாங்குங்கள். தடித்த தோல், அதன் உட்புறம் வெள்ளை. பாதிக்கு மேல் சீவி, சுருளை விளிம்பில் தொங்கவிடுங்கள்.

3. வண்ணங்கள்

ஆயில் பெயிண்டில் ஆறு டியூப்: ரா அம்பர், பர்ன்ட் அம்பர், எல்லோ ஓக்கர், ஐவரி பிளாக், டைட்டானியம் வொயிட், லெமன் எல்லோ. ஹார்லெம் ஓவியர்கள் வெள்ளைக்கும் எலுமிச்சை மஞ்சளுக்கும் காரீயம் கலந்த நிறமிகளைப் பயன்படுத்தினார்கள். விஷம், நமக்கு வேண்டாம். 10×12 அங்குல கேன்வாஸ் போர்டு, டர்பன்டைன், லின்சீட் ஆயில் (ஆளிவிதை எண்ணெய்). அறையில் காற்றோட்டம் இருக்கட்டும்.

4. செத்த வண்ணம்

போர்டு முழுக்க டர்பன்டைனில் கரைத்த ரா அம்பரை மெல்லிசாகத் தேய்த்துக் காயவிடுங்கள். அப்புறம் அம்பர், வெள்ளை இரண்டை மட்டும் வைத்து முழுப் படத்தையும் போடுங்கள். டச்சில் இந்த அடுக்கை 'டோட்வெர்ஃப்' என்பார்கள், செத்த வண்ணம் என்று பொருள். கண்ணைச் சுருக்கிக்கொண்டு பார்த்து மூன்றே அளவு போடுங்கள்: இருட்டு, நடு, வெளிச்சம். தட்டின் நீள்வட்டம் கோணலாக இருந்தால் இப்போதே திருத்துங்கள், பின்னால் முடியாது. இதில் எண்ணெய் சேர்க்காதீர்கள். மேல் அடுக்குகளில்தான் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்ட வேண்டும், இல்லையென்றால் வெடிப்பு விடும். இரண்டு மூன்று நாள் காயட்டும்.

5. எலுமிச்சை

அடுத்த நாள்களில் சுவர், துணி, தட்டு எல்லாம் முடித்துவிட்டு இதற்கு வாருங்கள். அன்றைக்குப் புதுப் பழம் ஒன்றைச் சீவி அதே இடத்தில் வையுங்கள், வெட்டிய பழம் சீக்கிரம் வாடிவிடும்.

என் முதல் எலுமிச்சை பிளாஸ்டிக் பந்து மாதிரி வந்தது. மஞ்சளை டியூபிலிருந்து அப்படியே அப்பிவிட்டு, நிழலுக்குக் கறுப்பைக் கலந்தேன். மஞ்சளில் கறுப்பு விழுந்தால் பச்சை வரும். ஒரு பக்கம் மாங்காய் ஆகிவிட்டது. நிழலுக்கு ஓக்கரும் ரா அம்பரும் போடுங்கள். நடுவில் ஓக்கருடன் லெமன் எல்லோ. சுத்தமான மஞ்சளும் வெள்ளையும் வெளிச்சம் நேராக விழுகிற சின்ன இடத்தில் மட்டும்.

தோலின் குழிகளை எல்லா இடத்திலும் புள்ளி வைக்க வேண்டாம். வெளிச்சம் நிழலாக மாறுகிற எல்லையில்தான் குழி கண்ணுக்குத் தெரியும். அங்கே மட்டும் வண்ணத்தைக் கெட்டியாக எடுத்து, பிரஷ் நுனியால் ஒற்றுங்கள்.

தோலுக்கு உள்ளே இருக்கும் வெள்ளை உண்மையில் வெள்ளை இல்லை. தட்டின் மினுக்கத்தோடு ஒப்பிட்டால் கொஞ்சம் மஞ்சள் சாயல் உள்ள சாம்பல். வெள்ளையில் ஓக்கரும் துளி அம்பரும். சுளைக்கு முதலில் வெளிறிய மஞ்சள் போட்டு, காய்ந்ததும் எண்ணெயில் கரைத்த மஞ்சளை ஒரு படலமாக இழுங்கள். சாறு மினுங்குகிற இடத்தில் கெட்டியான வெள்ளையில் இரண்டு மூன்று பொட்டு. நான்காவது வைக்கக் கை வரும். வைக்காதீர்கள்.

6. கண்ணாடி, கத்தி, கையெழுத்து

கண்ணாடி டம்ளர் வைத்திருந்தால் அதைத் தனியாக வரையாதீர்கள். பின்னால் தெரிகிற சுவரையே வரைந்து, விளிம்பில் ஒரு கோடு, இடது பக்கம் ஜன்னலின் சின்னப் பிரதிபலிப்பு. போதும்.

லின்சீட் ஆயில் துடைத்த துணியைக் கசக்கிக் குப்பையில் போடாதீர்கள், தானாகவே தீப்பிடிக்கக்கூடும். விரித்துக் காயப்போடுங்கள்.

கையெழுத்தை மூலையில்தான் போட வேண்டும் என்றில்லை. பெல்ஜியத்தின் ஆன்ட்வெர்ப் நகரத்தோடு தொடர்புடைய ஓவியர் கிளாரா பீட்டர்ஸ் 1600-களின் தொடக்கத்தில் தன் பெயரை மேசைமேல் கிடக்கும் வெள்ளிக் கத்தியில் பொறித்த எழுத்துப்போல வரைந்தார். கோப்பைகளின் பளபளப்பில் பிரஷ் பிடித்த தன் உருவத்தையும் பொடிப்பொடியாக ஒளித்து வைத்தார். உங்கள் கத்திப்பிடியும் காலியாகத்தான் கிடக்கிறது.