சுண்ணாம்பு கொதிக்கணும், பிறகு ஆறணும்: ரப்பர் கவட்டைக்குப் போர்டோ பசை

இடவப்பாதி (தென்மேற்குப் பருவமழை) தொடங்கும் முன் குமரி மாவட்டத்தின் குலசேகரம், அருமனைப் பக்கம் இளம் ரப்பர் மரங்களின் கவட்டையில் போர்டோ பசை பூசுவார்கள். பட்டையில் இளஞ்சிவப்பாகப் பூஞ்சை படரும் பிங்க் நோய்க்கு இதுதான் முன்காப்பு. மயில்துத்தம் (காப்பர் சல்பேட்), சுண்ணாம்பு, தண்ணீர் என்று மூன்றே சரக்கு. அப்படியிருந்தும் சிலருக்குப் பசை கறுத்துப்போகும், சிலருக்கு மணல்மணலாக நிற்கும். இரண்டுமே பெரும்பாலும் சுண்ணாம்பின் சூட்டைக் கவனிக்காததால் வருவது.

5 லிட்டர் பசைக்கு மயில்துத்தம் 500 கிராம், சுட்ட சுண்ணாம்பு 500 கிராம்.

துத்தத்தைத் துணியில் முடிந்து, பிளாஸ்டிக் வாளியில் 2.5 லிட்டர் தண்ணீரின் மேல்பாகத்தில் நனையும்படி முந்தின இரவே தொங்கவிடுங்கள். அடியில் கொட்டினால் கட்டியாக உட்கார்ந்துகொள்ளும். இரும்பு, தகர வாளி வேண்டாம். செம்பு அதில் படிந்து கரைசல் வீணாகும். (நீலத் துத்தம் கரையும்போது வெப்பத்தை உள்ளே இழுக்கும். இந்த அளவுக்கு 2 டிகிரிதான் குறையும், கைக்குத் தெரியாது. சுண்ணாம்பு இதற்கு நேர் எதிர்.)

சுண்ணாம்பு வாங்கும்போதுதான் ஏமாறுவது. அக்கானி (பதநீர்) கலயத்தில் தடவுவதும், வெற்றிலைக்கு வைப்பதும் ஏற்கெனவே தண்ணீர் விட்டு நீற்றியவை. அவற்றின் சூடு எப்போதோ போய்விட்டது. நமக்கு வேண்டியது சுட்டபின் தண்ணீர் படாத சிப்பி. ஒரு சிப்பியைத் தண்ணீரில் போட்டுப் பாருங்கள். 'சீ' என்று இரைந்து, வெடித்து, சில நிமிடத்தில் மாவாகச் சரிந்தால் நல்ல சரக்கு. சும்மா கிடந்தால், நம்மூர் ஈரக்காற்றையும் அதிலுள்ள கரியமில வாயுவையும் குடித்துச் செத்த சரக்கு. விலை குறைத்துத் தந்தாலும் வேண்டாம்.

இனி நீற்றுவது. நான் பரிந்துரைப்பது வாயகன்ற மண்பானை. நீற்ற மட்டும் என்றால் இரும்புச் சட்டியும் ஆகும். மெல்லிய பிளாஸ்டிக் வாளி சூட்டில் கோணிவிடும். அலுமினியம் கூடவே கூடாது. சுண்ணாம்பு அதை அரித்து, தீப்பற்றும் ஹைட்ரஜன் வாயுவைக் கிளப்பும்.

பானையில் முதலில் 1.5 லிட்டர் தண்ணீர். அதில் சிப்பியைக் கைப்பிடியளவாகப் போட்டு, நீளக் கம்பால் கிண்டுங்கள். சுண்ணாம்பின் மேல் தண்ணீரைத் தெளிக்கக் கூடாது. ஏன் என்றால், 1 கிலோ சுத்தமான சுட்ட சுண்ணாம்பு நீறும்போது ஏறக்குறைய 1,150 கிலோஜூல் வெப்பம் வெளிவரும். 3 லிட்டருக்கு மேல் பச்சைத் தண்ணீரைக் கொதிநிலைக்குக் கொண்டுபோக அது போதும். கொஞ்சமாகத் தெளித்தால் அந்தச் சூடு முழுவதும் அங்கேயே குவியும். தண்ணீர் ஆவியாகித் துப்பும், சுண்ணாம்பு பாதி நீறி, நறநறவென்ற கட்டியாக நிற்கும். எடுத்த எடுப்பில் 2.5 லிட்டரும் ஊற்றினாலோ சூடு போதாமல் மெதுவாக நீறும், பருமணியாகும். 1.5 லிட்டரில் கொதிநிலையை நெருங்கி, வெண்ணெய் மாதிரி இழையும்.

கண்ணாடியும் கையுறையும் இல்லாமல் பானைப் பக்கம் போகாதீர்கள். மூடி போட வேண்டாம், குனிந்து பார்க்கவும் வேண்டாம். கண்ணில் தெறித்தால் 20 நிமிடமாவது ஓடும் தண்ணீரில் கழுவிவிட்டு நேரே ஆஸ்பத்திரி.

இரைச்சல் நின்றதும் உடனே துத்தக் கரைசலை ஊற்றத் தோன்றும். பசை கறுப்பது இங்கேதான். துத்தமும் சுண்ணாம்பும் சேர்ந்து உண்டாகும் செம்பு ஹைட்ராக்சைடு சூட்டில் சிதைந்து கறுப்புச் செம்பு ஆக்சைடாகும். பானையின் வெளிப்பக்கம் கைக்குக் குளிரும்வரை விடுங்கள். அவசரமில்லையென்றால் மறுநாள் காலை என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆறியபின் தண்ணீர் சேர்த்து 2.5 லிட்டராக்கி, பழைய வேட்டித் துணியில் வடிகட்டுங்கள்.

பிறகு துத்தக் கரைசலைச் சுண்ணாம்புப் பாலில் மெல்ல ஊற்றி, கைவிடாமல் கிண்டுங்கள். வான நீலத்தில் வழவழவென்று வரும். துரு படியாத சாதா இரும்புக் கத்தியை ஒரு நிமிடம் முக்கி எடுங்கள். அலகில் செந்நிறம் படிந்தால் செம்பு மிச்சம் நிற்கிறது, பட்டை கருகும். செந்நிறம் படிவது நிற்கும்வரை சுண்ணாம்புப் பால் சேர்க்க வேண்டும். அன்றே பூசி முடியுங்கள்.

பிற்சேர்க்கை: சுட்ட சிப்பி கிடைக்காமல் நீற்றிய தூள்தான் இருக்கிறது என்றால், 500 கிராமுக்குப் பதில் 660 கிராம் போடுங்கள், கூடுதல் எடை ஏற்கெனவே குடித்த தண்ணீர். கொதியும் இல்லை, ஆறவைக்கவும் வேண்டாம். கத்திச் சோதனை மட்டும் கட்டாயம்.

இன்னொன்று: மிஞ்சிய சுட்ட சிப்பியைச் சாக்கோடு ஓலைக் கொட்டகையில் போட்டுவிடாதீர்கள். ஒழுகும் மழைநீர் கொஞ்சம் பட்டாலே சாக்கும் ஓலையும் பற்றும் அளவுக்குச் சூடேறும். இறுக மூடும் டப்பாவில், தரையிலிருந்து உயர்த்தி வையுங்கள்.