பந்தை விடுங்கள், கூட்டத்தைப் பாருங்கள்

பேஸ்பால் ஆட்டங்களின் மௌனப்படத் துண்டுகளைப் பார்க்க உட்கார்ந்தால் முதலில் வேகத்தைக் குறையுங்கள். அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள்; நொடிக்கு ஏறக்குறைய 16 முதல் 18 படச் சட்டங்கள் (ஃபிரேம்கள்). அதை 24 ஆக ஓட்டுவதால்தான் எல்லோரும் தத்தித் தத்தி ஓடுகிறார்கள். யூடியூபில் 0.75 என்று வைத்தால் 18 கிடைத்துவிடும். யாராவது தொப்பியைக் கழற்றி நெற்றியைத் துடைக்கும் இடத்தில் நிறுத்திப் பாருங்கள். கை இயல்பாக அசைந்தால் வேகம் சரி.

பழகுவதற்கு, எடிசன் நிறுவனம் 1898இல் அமெரிக்காவின் நியூ ஜெர்சி மாநிலத்து நியூவர்க்கில் எடுத்த ஆட்டம் நல்லது. ஒரு நிமிடம்கூட ஓடாது. அமெரிக்க காங்கிரஸ் நூலகத்தின் தளத்தில் இலவசமாகவே இருக்கிறது.

மங்கிய படத்தில் பந்தைத் தேடிக் கண்ணை வருத்திக்கொள்ளாதீர்கள். மட்டையாளருக்குப் பின்னால் குந்தியிருந்து பந்தைப் பிடிக்கும் கேட்சரின் முழங்காலுக்குக் கீழே காப்பு தெரிந்தால், அது பெரும்பாலும் 1907க்குப் பிந்தைய படம். முதுகில் எண் இருந்தால் 1929ஐ நெருங்கிவிட்டீர்கள். பந்தைத் தடுத்துப் பிடிக்கும் முறை முடிந்து மட்டை பிடிக்கப் போகும் அணி, கையுறைகளைப் புல்லிலேயே போட்டுவிட்டுப் போவது அன்றைய வழக்கம்.

கூட்டத்துக்குத்தான் அதிக நேரம் கொடுக்க வேண்டும். நான் ஒரு அட்டையால் திரையின் முக்கால் பகுதியை மறைத்துக்கொண்டு, ஒரே பத்து நொடியை நான்கு முறை பார்ப்பேன். வைக்கோல் தொப்பிகள் நிறைந்திருந்தால் கோடை. கம்பளித் தொப்பிகள் என்றால் வசந்தகாலத் தொடக்கமோ அக்டோபரோ. மைதானத்துக்குள்ளேயே கயிறு கட்டி, அதன் பின்னால் ஆட்கள் நின்றால், இருக்கைகள் நிரம்பி வழிந்த நாள் அது.

இப்படிப் பார்த்துப் பழகிய பிறகு அமெரிக்க பேஸ்பாலின் இறுதிப் போட்டியான உலகத் தொடரின் 1919ஆம் ஆண்டுப் படத்துக்குப் போங்கள். கனடாவின் டாசன் நகரில், உறைந்த மண்ணுக்கடியில் புதைந்து கிடந்து 1978இல் கிடைத்த நூற்றுக்கணக்கான சுருள்களில் அதுவும் ஒன்று. சிகாகோ அணியின் எட்டுப் பேர் பணத்துக்காகத் தோற்கச் சம்மதித்ததாகக் குற்றம் சாட்டப்பட்ட தொடர் என்பதால், எல்லோரும் ஆட்டக்காரர்களின் கால்களையே உற்றுப் பார்க்கிறார்கள். எனக்கு அதில் மனம் ஒட்டவில்லை. டிக்கெட் வாங்கி வந்து, ஆட்டத்தை நம்பி உட்கார்ந்திருக்கும் அந்த வரிசைகளில்தான் என் கண் நிற்கிறது. முதல் தடவை அவர்களை மட்டும் பாருங்கள்.